வாடகை வழக்கில் தோற்ற பிறகு உயர் நீதிமன்றம் போகிறீர்களா? அங்கே எதைப் பார்ப்பார்கள், எதைப் பார்க்கமாட்டார்கள்

காலி செய்யச் சொல்லி ஆணை வந்ததும் வாடகைதாரர் வாயில் முதலில் வரும் வார்த்தை, “ஹைகோர்ட்டில் பார்த்துக்கலாம்.” மனு தள்ளுபடியான வீட்டுக்காரரும் அதையேதான் சொல்கிறார். கீழே ஒரு நீதிபதி நம் பேச்சை நம்பவில்லை, மேலே இன்னொருவர் நம்புவார் என்ற எண்ணத்தில் பலர் நகையை அடகு வைத்துச் செலவு செய்கிறார்கள். உயர் நீதிமன்றத்தின் வேலை அது இல்லை என்று அவர்களுக்கு யாராவது முன்கூட்டியே சொல்லியிருந்தால் பணமும் மிஞ்சியிருக்கும், வழக்கைக் கீழேயே ஒழுங்காக நடத்தியும் இருப்பார்கள். முதல் முறையாக இந்தப் பாதையில் போகிறவர்களுக்காக, தமிழ்நாட்டு நடைமுறையை வைத்து இதை எழுதுகிறேன். வாடகைதாரர், வீட்டு உரிமையாளர் இருவருக்கும் இது பொருந்தும்.

உங்கள் ஆணை எந்தச் சட்டத்தில் பிறந்தது?

ஆணையின் முதல் பக்கத்தில் வழக்கு எண்ணுக்கு முன்னால் இருக்கும் எழுத்துகளைப் பாருங்கள். ஆர்.சி.ஓ.பி. என்று இருந்தால் அது 1960-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு கட்டடங்கள் (குத்தகை மற்றும் வாடகைக் கட்டுப்பாடு) சட்டப்படி போட்ட மனு. அந்தச் சட்டம் இப்போது இல்லை. ஆனாலும் அது இருந்த காலத்தில் தாக்கலாகி நிலுவையில் நின்ற வழக்குகள் அந்தச் சட்டப்படியே நடக்கின்றன. ஆர்.எல்.டி.ஓ.பி. என்று இருந்தால் 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறைக்கு வந்த புதுச் சட்டம், அதாவது 2017-ஆம் ஆண்டு நில உரிமையாளர்கள், வாடகைதாரர்கள் உரிமைகள் பொறுப்புகள் ஒழுங்குமுறைச் சட்டம். ஓ.எஸ். என்று இருந்தால் அது சாதாரண சிவில் வழக்கு. அதற்கு முதல் மேல்முறையீடு, பிறகு சிவில் நடைமுறைச் சட்டம் 100-ஆவது பிரிவின்கீழ் இரண்டாம் மேல்முறையீடு என்று தனி வழி இருக்கிறது. அதை இங்கே விட்டுவிடுகிறேன்.

பழைய சட்டத்தில் மூன்று படிகள். முதலில் வாடகைக் கட்டுப்பாட்டு அலுவலர். பெரும்பாலான ஊர்களில் மாவட்ட முன்சீப், சென்னையில் சிறுவழக்கு நீதிமன்ற நீதிபதி. அவர் ஆணைமீது 23-ஆவது பிரிவில் மேல்முறையீடு. அதிலும் தோற்றவர் 25-ஆவது பிரிவில் உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு போடலாம்.

புதுச் சட்டம் வேறு மாதிரி. வாடகை ஒப்பந்தப் பதிவு, வாடகைத் தொகை, தண்ணீர் மின்சாரத்தை நிறுத்தியது போன்ற விவகாரங்கள் துணை ஆட்சியர் நிலையிலுள்ள வாடகை அதிகாரியிடம் போகும். காலி செய்யும் வழக்கு வாடகை நீதிமன்றத்துக்கு. அதன் ஆணைமீது மேல்முறையீடு வாடகைத் தீர்ப்பாயத்துக்கு. சட்டம் அங்கேயே நின்றுவிடுகிறது. தீர்ப்பாயத்தின் முடிவுமீது உயர் நீதிமன்றத்துக்கு மேல்முறையீட்டையோ சீராய்வையோ அது தரவில்லை. எஞ்சியிருப்பது அரசியலமைப்பின் 227-ஆவது பிரிவு கொடுக்கும் மேற்பார்வை அதிகாரம் மட்டும்தான். அந்த மனுவுக்கும் சி.ஆர்.பி. (சிவில் சீராய்வு மனு) என்றுதான் எண் போடுகிறார்கள். இதனால் பழைய சட்டத்துச் சீராய்வும் இதுவும் ஒன்று என்று கட்சிக்காரர்கள் நினைத்துவிடுகிறார்கள். 227-இன் வாசல் இன்னும் குறுகலானது.

இன்னொன்று: இடையிலுள்ள படியைத் தாண்டி நேரே உயர் நீதிமன்றம் போகாதீர்கள். தீர்ப்பாயத்தில் மேல்முறையீடு இருக்கும்போது 227-இல் மனு போட்டால், “அங்கே போய்விட்டு வாருங்கள்” என்று திருப்பி அனுப்புவார்கள். அதற்குள் மேல்முறையீட்டுக் கெடு போய்விட்டால் கஷ்டம் உங்களுக்குத்தான்.

நாள் கணக்கு

ஆணை வாசித்த அன்றைக்கே சான்றிட்ட நகலுக்கு மனு போடுங்கள். அடுத்த வாய்தாவுக்கோ, “வக்கீல் வரட்டும்” என்றோ காத்திருக்க வேண்டாம். நகல் தயாராக எடுத்த நாட்களைக் கெடுவிலிருந்து கழித்துக்கொள்ளலாம், ஆனால் நீங்கள் மனுப் போடாமல் சும்மா இருந்த நாட்களைக் கழிக்க முடியாது. நகலின் பின்பக்கத்தில் மனு போட்ட தேதி, தயாரான தேதி, வாங்கிய தேதி எல்லாம் முத்திரையோடு இருக்கும். அந்தப் பக்கத்தையும் பத்திரமாக வையுங்கள்.

பழைய சட்டத்தில் மேல்முறையீட்டுக்கு 15 நாள். சீராய்வுக்கு ஒரு மாதம்; போதிய காரணம் காட்டினால் உயர் நீதிமன்றம் இன்னும் ஒரு மாதம் வரை தரலாம். புதுச் சட்டத்தில் தீர்ப்பாயத்துக்குப் போக 30 நாள். 227-க்குச் சட்டம் கெடு வைக்கவில்லை. அதை நம்பி ஆறு மாதம் கழித்துப் போனால் முதல் கேள்வியே, “இவ்வளவு நாள் என்ன செய்தீர்கள்?” என்பதாகத்தான் இருக்கும்.

மதுரை, திருச்சி, தஞ்சாவூர், திருநெல்வேலி, கன்னியாகுமரி உள்ளிட்ட மாவட்டங்களின் வழக்குகள் மதுரைக் கிளையில் தாக்கலாகும். மற்றவை சென்னையில்.

பென்சிலோடு உட்கார்ந்து ஆணையைப் படியுங்கள்

இந்தக் கட்டுரையில் நான் அதிகம் வற்புறுத்துவது இதைத்தான். தீர்ப்பின் கடைசிப் பத்தியை மட்டும் படித்துவிட்டு ஓடாதீர்கள். முழுவதையும் படித்து, நீங்கள் ஒப்புக்கொள்ளாத ஒவ்வொரு வரியின் ஓரத்திலும் ஒரு குறி போடுங்கள். நீதிபதி ஒரு சாட்சியை நம்பினார் அல்லது நம்பவில்லை என்றால் “நம்பிக்கை”. சட்டம் கேட்கும் ஒன்றைப் பார்க்காமலோ தவறாகப் புரிந்துகொண்டோ முடிவு செய்திருந்தால் “சட்டம்”. நீங்கள் கொடுத்த முக்கியமான ஆவணத்தைப் பற்றி ஒரு வார்த்தைகூட இல்லையென்றால் “விடுபட்டது”. படித்து முடித்த பிறகு பக்கம் முழுக்க “நம்பிக்கை” என்று மட்டுமே இருந்தால், உங்கள் சீராய்வு மனு நிலைக்க வாய்ப்பு மிகக் குறைவு.

காரணம் இதுதான். பழைய சட்டத்தின் 25-ஆவது பிரிவு, கீழ் அமைப்பின் ஆணை முறையானதா, சரியானதா, சட்டப்படியானதா, தகுதியானதா என்று பார்க்க உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் தருகிறது. “சரியானதா என்று பார்க்கலாம் என்றால் சாட்சியத்தை மறுபடி எடைபோட்டு வேறு முடிவுக்கு வரலாமே” என்று பல ஆண்டுகள் வாதாடினார்கள். 1980-இலேயே ராஜலட்சுமி டையிங் ஒர்க்ஸ் வழக்கில், நமது 25-ஆவது பிரிவை வைத்தே, சீராய்வு என்பது மேல்முறையீட்டளவுக்கு விரிந்தது இல்லை என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனாலும் வெவ்வேறு மாநில வாடகைச் சட்டங்களைப் பார்த்த அமர்வுகள் வெவ்வேறு விதமாகப் பேசின. 1988-இல் ஒரு மூன்று நீதிபதி அமர்வு ஒன்று சொல்ல, கேரளச் சட்டத்தைப் பார்த்த இன்னொரு மூன்று நீதிபதி அமர்வு வேறொன்று சொன்னது. கடைசியில் ஐந்து நீதிபதிகள் உட்கார்ந்து 2014 ஆகஸ்டில் இந்துஸ்தான் பெட்ரோலியம் எதிர் தில்பகார் சிங் வழக்கில் முடித்துவைத்தார்கள். அரியானா, கேரளம், தமிழ்நாடு ஆகிய மூன்று மாநிலச் சட்டங்களும் அதில் அலசப்பட்டன.

அந்தத் தீர்ப்பின் சாரம்: சாட்சியத்தை மறுபடி எடைபோட்டு, “நானாக இருந்தால் வேறு முடிவுக்கு வந்திருப்பேன்” என்று சொல்லும் உரிமை சீராய்வு நீதிமன்றத்துக்கு இல்லை. கீழே கண்ட உண்மை சட்டப்படி கண்டதுதானா என்று மட்டும் சோதிக்கலாம். எந்தச் சாட்சியமும் இல்லாமல் வந்த முடிவு, முக்கியமான சாட்சியத்தைக் கண்டுகொள்ளாமல் வந்த முடிவு, சாட்சியத்தைத் தப்பாக வாசித்து வந்த முடிவு, அப்படியே விட்டால் நீதி தவறிவிடும் என்ற அளவுக்கு அப்பட்டமாகப் பிழையான முடிவு. இவை இருந்தால் தலையிடலாம்.

ஓர் உதாரணத்தோடு பார்த்தால் கோடு எங்கே விழுகிறது என்று தெரியும். பஜாரில் ஒரு கடை. உரிமையாளர் தன் மகன் துணிக்கடை நடத்த அந்த இடம் வேண்டும் என்று பழைய சட்டத்தில் மனு போடுகிறார். வாடகைதாரர், “வாடகையை ஏற்றத்தான் இந்த நாடகம், மகனுக்குத் துணி வியாபாரமே தெரியாது” என்கிறார். மகன் கூண்டில் ஏறிச் சாட்சி சொல்கிறார். முன்சீப் நம்புகிறார், மேல்முறையீட்டிலும் நம்புகிறார்கள். உயர் நீதிமன்றத்தில், “மகன் பேச்சு நம்பும்படி இல்லை” என்று வாதாடினால் அது ஓரத்தில் “நம்பிக்கை” என்று குறித்த வரி. எவ்வளவு அழகாக வாதாடினாலும் நகராது.

இதே வழக்கில், குறுக்கு விசாரணையில் மகன், “அடுத்த தெருவில் எங்களுக்குச் சொந்தமான கடையில்தான் இப்போது துணி வியாபாரம் செய்கிறேன்” என்று ஒப்புக்கொண்டிருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். கடையைச் சொந்தத் தொழிலுக்குக் கேட்கும் உரிமையாளரோ அவர் குடும்பத்தாரோ அதே ஊரில் தமக்குச் சொந்தமான வேறு கட்டடத்தில் தொழில் நடத்திக்கொண்டிருக்கக்கூடாது என்பது பழைய சட்டம் 10(3)(அ)(iii) போடும் நிபந்தனை. இரண்டு நீதிமன்றங்களும் அந்த ஒப்புதலைத் தொடவே இல்லையென்றால் அது “விடுபட்டது”, “சட்டம்” இரண்டும் சேர்ந்த வரி. சீராய்வில் நிற்கும். அதே மகன், அதே சாட்சியம்தான். எந்த வரியைச் சுட்டுகிறீர்கள் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

வாடகை பாக்கி வழக்கிலும் இப்படித்தான். பணம் கொடுத்ததாக நீங்கள் வாயால் சொன்னதை நீதிபதி நம்பவில்லையென்றால் கதை முடிந்தது. வங்கிக் கணக்கு அறிக்கை சான்றாவணமாகக் குறியீடு செய்யப்பட்டிருந்து, தீர்ப்பில் அதைப் பற்றிப் பேச்சே இல்லையென்றால் உங்களுக்கு ஒரு நல்ல பிடி கிடைத்திருக்கிறது.

227-இல் போகிறவர்களுக்கு

இந்த அதிகாரத்தின் அளவைச் சொன்ன முன்னோடித் தீர்ப்பே ஒரு வாடகை வழக்கில் வந்ததுதான். 1954-இல் வர்யாம் சிங் எதிர் அமர்நாத். இமாசலப் பிரதேசத்து வழக்கு அது. கீழ் நீதிமன்றங்களைத் தங்கள் அதிகார எல்லைக்குள் நிறுத்திவைக்க மட்டும், அரிதாகவே இதைப் பயன்படுத்த வேண்டும், வெறும் பிழைகளைத் திருத்துவதற்கு இது இல்லை என்று அப்போதே சொன்னார்கள். அதே வழக்கில் மேல் நீதிமன்றம் தலையிட்டதைச் சரி என்றும் சொன்னார்கள். வாடகை பாக்கி இருக்கும்போது சட்டம் என்ன செய்யச் சொல்கிறதோ அதைக் கீழ் நீதிமன்றங்கள் செய்ய மறுத்துவிட்டன என்பதே காரணம். எழுபது ஆண்டுகளுக்குப் பிறகும் கணக்கு இதுதான்: கீழ் நீதிபதி தனக்கில்லாத அதிகாரத்தை எடுத்துக்கொண்டாரா, இருக்கும் அதிகாரத்தைப் பயன்படுத்த மறுத்தாரா, உங்கள் பேச்சைக் கேட்காமலே முடித்தாரா.

நோட்டீஸ் சார்பு ஆகாமலே, அதாவது உங்கள் கைக்கு வந்து சேராமலே, ஒருதலைப்பட்சமாக ஆணை போட்டது, எதிர்த்தரப்புச் சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்ய வாய்ப்பே கொடுக்காதது, சட்டத்தில் இல்லாத காரணத்துக்காகக் காலி செய்யச் சொன்னது போன்றவை இங்கே எடுபடும். “தீர்ப்பாயம் சாட்சியத்தைச் சரியாக அலசவில்லை” என்ற பொதுவான வரி எடுபடாது.

மனுவில் 226 (ரிட் மனுவுக்கான அரசியலமைப்புப் பிரிவு), 227 இரண்டையும் சேர்த்துப் போட்டால் பலம் என்று சிலர் நினைக்கிறார்கள். தனியார் இருவர் இடையிலான சொத்துத் தகராறுகளில் இரண்டையும் குழப்பிப் போடும் பழக்கத்தை 2010-இல் ஷாலினி ஷெட்டி வழக்கில் உச்ச நீதிமன்றம் கண்டித்தது. சிவில் நீதிமன்ற ஆணைகள்மீது 226-இல் ரிட் கிடையாது என்று 2015-இல் ராதே ஷ்யாம் வழக்கில் தெளிவாகவே சொல்லிவிட்டது.

மனுவில் என்ன எழுதுவது

காரணங்கள் பகுதியை முப்பது பத்திக்கு இழுக்கச் சொல்லி வழக்கறிஞரை வற்புறுத்தாதீர்கள். “சட்டம்”, “விடுபட்டது” என்று குறித்த வரிகளிலிருந்து மூன்று நான்கு போதும். ஒவ்வொன்றுக்கும் தீர்ப்பின் எந்தப் பத்தி, எந்தச் சான்றாவணம், எந்தச் சாட்சியின் எந்த வாக்குமூல வரி என்று எழுதச் சொல்லுங்கள். அந்த ஆவணங்களையும் வாக்குமூலங்களையும் மனுவோடு கொடுக்கும் தட்டச்சுத் தொகுப்பில் சேர்க்க வேண்டும். வாக்குமூலத்தில் அந்த வரி எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று நீங்களே தேடிக் கொடுத்தால் வழக்கறிஞரின் பாதி வேலை முடிந்துவிடும். மனுவை ஏற்பதா வேண்டாமா என்று முதலில் பார்க்கும் சேர்க்கை விசாரணைக்குக் கிடைப்பது சில நிமிடங்கள்தான். அந்த நேரத்துக்குள் நீதிபதியின் கண்ணில் அந்த வரி பட வேண்டும்.

புதிதாக ஓர் ஆவணம் கிடைத்தது என்று கொண்டுபோகாதீர்கள். கீழ் நீதிமன்றப் பதிவில் இல்லாத ஒன்றை அங்கிருந்த நீதிபதி பார்க்கவில்லை என்று எப்படிக் குறை சொல்ல முடியும்? இதனால்தான் திரும்பத் திரும்பச் சொல்கிறேன்: ரசீது, வங்கி அறிக்கை, போட்டோ, ஒப்பந்தம், யு.பி.ஐ. விவரம் எல்லாவற்றையும் முதல் நீதிமன்றத்திலேயே குறியீடு செய்துவிடுங்கள். இப்போது உங்கள் வழக்கு அங்கேயே நடந்துகொண்டிருந்தால் இந்தக் கட்டுரையை நீங்கள் சரியான நேரத்தில் படிக்கிறீர்கள்.

வழக்கு நிலுவையில் இருக்கும்போது நடந்த சம்பவத்துக்கு மட்டும் சிறு விலக்கு உண்டு. உரிமையாளருக்குத் தேவையே தீர்ந்துவிட்டால், உதாரணமாக வழக்கு நடக்கும்போதே வேறு கடை அவர் கைக்கு வந்துவிட்டால், நீதிமன்றம் அதைக் கணக்கில் எடுக்கலாம் என்று 1975-இல் ஆந்திரத்து வழக்கான பசுபுலேட்டி வெங்கடேஸ்வரலு தீர்ப்பில் சொன்னார்கள். ஆனால் இதை நீட்டிக்கொண்டே போக முடியாது. 2001-இல் கயா பிரசாத் வழக்கில், டாக்டர் மகனுக்கு மருத்துவமனை வைக்கக் கேட்ட இடம். வழக்கு இழுத்த காலத்தில் மகன் அரசு மருத்துவப் பணியில் சேர்ந்துவிட்டார். வாடகைதாரர் அதைச் சுட்டியபோது, வழக்கு நடந்த தாமதத்துக்கு உரிமையாளரைத் தண்டிக்க முடியாது, மனு போட்ட நாளின் தேவையைத்தான் பார்க்க வேண்டும் என்று சொல்லிவிட்டார்கள்.

தடை ஆணை தானாக வராது

சி.ஆர்.பி. எண் விழுந்துவிட்டால் யாரும் காலி செய்ய வைக்க முடியாது என்பது ஆபத்தான தவறான நம்பிக்கை. தடை கேட்டுத் தனி மனு போட்டு, ஆணை வாங்கினால்தான் தடை. அது இல்லாதவரை எதிர்த்தரப்பு நிறைவேற்று மனு போட்டு, அமீனாவோடு (ஆணையை நிறைவேற்ற வரும் நீதிமன்ற ஊழியர்) வாசலில் வந்து நிற்கலாம்.

தடையும் சும்மா கிடைக்காது. பாக்கித் தொகையைக் கட்டு, மாதாமாதம் வாடகையைக் கட்டு என்று நிபந்தனை வரும். 2004 டிசம்பரில் ஆத்மராம் பிராப்பர்ட்டீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இன்னும் ஒரு படி போனது. காலி செய்யும் ஆணை வந்த பிறகும் தடையில் உட்கார்ந்திருப்பவர் பழைய வாடகையை மட்டும் கொடுத்தால் போதாது, அந்த இடத்துக்குச் சந்தையில் என்ன வாடகை கிடைக்குமோ அந்த அளவுக்கு இழப்பீடு கட்டச் சொல்லலாம் என்றது. மையமான இடத்தில் பல வருடப் பழைய வாடகையில் கடை வைத்திருப்பவர்கள் சீராய்வுக்குப் போகுமுன் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்க வேண்டும். நிபந்தனைத் தேதி ஒரு நாள் தவறினாலும் தடை போய்விடும்படி ஆணை இருக்கலாம். கட்டிய ரசீதின் நகலை அன்றே வழக்கறிஞரிடம் கொடுங்கள்.

ஜெயித்த தரப்புக்கும் ஒரு வேலை உண்டு: கேவியட் மனு. எதிர்த்தரப்பு தடை கேட்டு வந்தால் உங்களைக் கேட்காமல் ஆணை போடக்கூடாது என்பதற்காக அது. தாக்கல் செய்த நாளிலிருந்து 90 நாள்தான் அதற்கு உயிர். அந்தக் காலம் முடிந்ததும் மறுபடி போட வேண்டும்.

முடிவு எப்படி வரும், அதற்குப் பிறகு

சேர்க்கை நிலையிலேயே தள்ளுபடி ஆகலாம். பிழை தெரிந்தால் ஆணை ரத்தாகலாம். விடுபட்ட ஆவணத்தைப் பார்த்து மறுபடி முடிவு செய்யச் சொல்லிக் கீழே திருப்பி அனுப்புவதும் உண்டு. திருப்பி அனுப்பியதை வெற்றி என்று கொண்டாட வேண்டாம். எது திறந்திருக்கிறது, எது மூடிவிட்டது என்று அந்த ஆணையிலேயே எழுதியிருப்பார்கள், அதைப் படித்துவிட்டுக் கீழே போங்கள்.

தனி நீதிபதியின் சீராய்வு ஆணைமீதோ 227 ஆணைமீதோ அதே உயர் நீதிமன்றத்தில் இரு நீதிபதி அமர்வுக்கு மேல்முறையீடு கிடையாது. மீதமிருப்பது உச்ச நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி மனு, 90 நாளுக்குள். மூன்று இடங்களில் ஒரே மாதிரி உண்மை கண்டறியப்பட்ட வாடகை வழக்கில் அங்கே கதவு திறப்பது மிக அரிது. அந்தச் செலவை வேறு இடம் பார்ப்பதற்கு வைத்துக்கொள்வது நல்லது என்பதே என் கருத்து.

தோற்கப்போகிறோம் என்று விசாரணையின்போதே தெரிந்துவிட்டால், வாடகைதாரருக்கு உண்மையில் உதவக்கூடியது அவகாசம் கேட்பதுதான். பள்ளி ஆண்டு முடியும் வரை, பண்டிகைச் சரக்கு விற்கும் வரை என்று நியாயமான காரணம் சொல்லிக் கேட்டால், உறுதிமொழிப் பிரமாணப் பத்திரம் வாங்கிக்கொண்டு நீதிபதிகள் சில மாதங்கள் கொடுப்பது வழக்கம். அதில் நீங்கள் எழுதித் தருவது இவை: இன்ன தேதிக்குள் காலி செய்வேன், அதுவரை வாடகை தவறாமல் கொடுப்பேன், வேறு யாரையும் உள்ளே விடமாட்டேன். கையெழுத்துப் போடுமுன் தேதியை நன்றாக யோசியுங்கள். மீறினால் அது நீதிமன்ற அவமதிப்பு. சாவியைக் கொடுக்கிற அன்று மின்கட்டண பாக்கி இல்லை என்பதைக் காட்டி, காலி இடத்தைப் போட்டோ எடுத்து, “சாவி பெற்றுக்கொண்டேன்” என்று தேதியோடு உரிமையாளரிடம் எழுதி வாங்கி, முன்பணக் கணக்கை அங்கேயே முடித்துவிடுங்கள்.